ஆள் நிற்க முடியாத இடத்துக்கு ஒரு கேமரா: ஆவணப்படக்காரர் கண்ணில் கோப்ரோ ஹீரோ 12 பிளாக்

பொருட்காட்சி மரணக் கிணற்றுக்குள் பைக் சுற்றும்போது கேமராக்காரர் எங்கே நிற்பது? மேலே விளிம்பில் நின்றால் ரூபாய் நோட்டை நீட்டிக்கொண்டிருக்கும் கைகளும் ஓட்டுநரின் உச்சந்தலையும்தான் கிடைக்கும். கீழே நடுத்தரையில் நின்றால், வண்டி தவறினால் அது விழுவது நம் மேல்தான். பின்சீட்டில் உட்காரலாம் என்பதெல்லாம் பேச்சுக்கு. பாலத்திலிருந்து பாராசூட்டோடு குதிக்கிறவர்கள், கயிறில்லாமல் பாறை ஏறுகிறவர்கள், ராத்திரியில் உயரமான கட்டடங்களின் உச்சிக்கு ஏறிப்போகிறவர்கள் என்று ஊரின் ஓரத்தில் உயிரைப் பணயம் வைத்து வாழும் கூட்டங்களைத் தனியாளாகப் படமெடுக்கக் கிளம்பும் எவருக்கும் முதல் நாளே வந்து நிற்கும் கேள்வி இது. கடைக்காரரிலிருந்து யூடியூப் வரை எல்லோரும் சொல்லும் பதில், "ஒரு கோப்ரோ வாங்கிக்கோங்க." அந்தப் பதில் பாதி சரி. மீதிப் பாதிதான் இந்த விமர்சனம்.

கோப்ரோ என்றால் உடம்பிலோ வண்டியிலோ மாட்டிவிடும் கையடக்கக் கேமரா; இங்கே எடுத்துக்கொண்டது 2023 செப்டம்பரில் வந்த ஹீரோ 12 பிளாக். அடுத்த வருஷமே ஹீரோ 13 வந்துவிட்டது, அதில் பேட்டரியும் பெரிது (1900 எம்ஏஎச்; 12-இல் 1720). பிறகு எதற்கு 12? இரண்டு காரணம். ஒன்று, ஹீரோ 9 முதல் 12 வரை நான்கு மாடலுக்கும் ஒரே பேட்டரி. பழைய மாடல் வைத்திருந்தவர் கையில் நாலைந்து பேட்டரி சேர்ந்திருக்கும், நண்பரிடம் கடன் வாங்கவும் முடியும். 13-இன் பேட்டரி வடிவமே வேறு. இரண்டாவது காரணம் ஜிபிஎஸ். அதைப் பிறகு சொல்கிறேன்.

முதலில் கேமராவைப் பற்றி. பேட்டரியோடு 154 கிராம். 10 மீட்டர் ஆழம் வரை கூடு இல்லாமலே தண்ணீர் தாங்கும். சென்சார் 1/1.9 அங்குலம், விகிதம் 8:7, அதாவது கிட்டத்தட்ட சதுரம். 5.3கே தரத்தில் நொடிக்கு 60 பிரேம், 4கேயில் 120, 2.7கேயில் 240. லென்ஸ் துளை எஃப்/2.5-லேயே நிற்கும், கூட்டவும் முடியாது, குறைக்கவும் முடியாது. அடியில் மடக்கும் விரல்களுக்கு நடுவே சாதாரண ட்ரைபாட் திருகும் ஏறும். கேட்க அற்பமாகத் தெரியும் இந்தத் திருகுத் துளைதான் பழைய மாடல்களிலிருந்து 12-க்கு மாறியவர்கள் அதிகம் பயன்படுத்துவது. எந்தக் கிளாம்ப் கிடைத்தாலும் மாட்டிவிடலாம்.

வாங்கியதும் மாற்ற வேண்டிய முதல் செட்டிங், 'ஆன்ட்டி ஃப்ளிக்கர்'. நம் ஊரில் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். கேமரா 60-இல் இருந்தால் பொருட்காட்சி விளக்குகள் எல்லாம் படத்தில் கருப்புப் பட்டையாக ஓடும். 50-க்கு மாற்றியதும் பிரேம் கணக்கும் 25, 50, 100, 200 என்று தானே மாறிக்கொள்ளும். அடுத்து, 'பிட் ரேட்', அதாவது நொடிக்கு எவ்வளவு தரவு பதிகிறது என்பதை, உயர்வில் வைப்பது. 120 எம்பிபிஎஸ் என்றால் நொடிக்கு 15 எம்பி, மணிக்கு 54 ஜிபி. 128 ஜிபி கார்டு இரண்டு மணி இருபது நிமிஷத்தில் நிரம்பும். நாளுக்கு மூன்று மணி நேரம் பதிவு, பத்து நாள் படப்பிடிப்பு என்று வைத்தால் 1.6 டிபிக்கு மேல். இரண்டு பிரதி வேண்டும் என்பதால் 2 டிபி டிஸ்க் இரண்டு. கேமரா விலையைக் கேட்டுவிட்டு டிஸ்க் விலையை மறந்துவிடுகிறவர்கள் ஐந்தாம் நாள் கார்டை அழித்துவிட்டு அழுகிறார்கள்.

இன்னொரு தொல்லை கோப்புப் பெயர். நீளமான பதிவை கேமரா தானே துண்டு போடும். முதல் துண்டு ஜிஎக்ஸ்010025 என்றால் அடுத்தது ஜிஎக்ஸ்010026 அல்ல, ஜிஎக்ஸ்020025. பெயர் வரிசையில் அடுக்கினால் இரண்டாம் துண்டு எங்கோ கடைசியில் போய் ஒட்டிக்கொள்ளும். குதிப்பவர் விளிம்புக்கு நடந்து போகும் காட்சி ஒரு மூலையில், குதித்த காட்சி இன்னொரு மூலையில் கிடக்கும். கார்டிலிருந்து இறக்கியவுடன் நாள், இடம், கேமரா எண் போட்டு ஃபோல்டர் பிரித்துவிடுவது தவிர இதற்கு வைத்தியம் இல்லை.

இனி மரணக் கிணறு. இந்தக் கேமராவின் பலமும் பலவீனமும் அந்த மரப்பலகை உருளைக்குள் ஒரே நேரத்தில் தெரிந்துவிடும் என்பதால் கொஞ்சம் நின்று பார்க்கலாம்.

மோட்டார் சைக்கிளில் போனைக் கட்டிப் படமெடுக்கிறவர்களுக்கு ஒரு எச்சரிக்கை. சக்திவாய்ந்த பைக் இன்ஜினின் அதிர்வு ஐபோன் கேமராவின் ஆப்டிகல் ஸ்டெபிலைசரையும் ஃபோகஸையும் கெடுக்கக்கூடும் என்று ஆப்பிள் நிறுவனமே 2021-இல் அறிவித்தது. லென்ஸையே அசைத்து நடுக்கத்தைச் சரிசெய்யும் எந்தப் போனுக்கும் இந்த ஆபத்து உண்டு. கோப்ரோவில் லென்ஸ் அசைவதில்லை. சைலன்சர் கழற்றிய பழைய பைக்கின் கைப்பிடியில் கட்டினாலும் தாங்கும். ஹைப்பர்ஸ்மூத் என்று அவர்கள் பெயர் வைத்திருக்கும் நடுக்கத் திருத்தம், படத்தின் ஓரங்களை வெட்டி, பிரேமை நகர்த்தி வைக்கும் மென்பொருள் வேலை.

மென்பொருள் என்பதால்தான் சிக்கலும். பொருட்காட்சியில் முக்கிய ஆட்டம் இருட்டிய பிறகு. வெளிச்சம் குறைந்தால் கேமரா ஷட்டரைத் தானே மெதுவாக்கும். ஒவ்வொரு பிரேமும் நடுக்கத்தால் கலங்கியிருக்கும். மென்பொருள் பிரேமை நேராக நிறுத்திவிடும், ஆனால் பிரேமுக்குள் இருக்கும் கலங்கலை அதனால் எடுக்க முடியாது. விளைவு, அசையாத காட்சி ஒன்று விட்டுவிட்டுத் துடிப்பதுபோல் இருக்கும். கண் வலிக்கும். இரவில் செய்ய வேண்டியது: ஹைப்பர்ஸ்மூத்தை நிறுத்து, 50 பிரேம், ஷட்டர் 1/100-இல் பூட்டு, ஐஎஸ்ஓ (சென்சாரின் ஒளியுணர்வு அளவு) உச்சம் 1600. படம் இருட்டாக வரும். வரட்டும். விளக்கடியைக் கடக்கும்போது ஓட்டுநர் முகம் பளிச்சென்று வந்து மறையும். அந்தக் கிணற்றுக்குள் கண்ணுக்கும் அப்படித்தான் தெரியும். 'ஜிபி-லாக்' என்ற தட்டையான வண்ண முறையை இரவில் தொடாதீர்கள். பகலில் 10 பிட் லாக் அருமை, இரவில் அது புள்ளிக் குப்பை.

நேர்மையாகச் சொன்னால், முழுப்படமும் இரவிலேயே என்றால் கோப்ரோவை விட்டுவிட்டு அதே 2023-இல் வந்த டிஜேஐ ஆஸ்மோ ஆக்‌ஷன் 4 பக்கம் போவது நல்லது. அதன் சென்சார் 1/1.3 அங்குலம். பரப்பளவு வித்தியாசம் இருட்டில் பட்டென்று தெரியும்.

அடுத்த பொறி, 'ஹொரைசன் லாக்'. கேமரா எப்படிப் புரண்டாலும் படத்தில் தரைக்கோடு நேராக நிற்கும் என்பது விளம்பரம். சாலையில் சரி. மரணக் கிணற்றில் அதை இயக்கினால் படம் குழம்பும். காரணம் கணக்கில் இருக்கிறது. கிணற்றின் விட்டம் 10 மீட்டர், வேகம் மணிக்கு 40 கிலோமீட்டர் என்று வையுங்கள். வண்டியைச் சுவரோடு அழுத்தும் விசை புவியீர்ப்பைப் போல் இரண்டரை மடங்கு. கேமராவுக்குள் இருக்கும் உணரிக்கு 'கீழே' என்றால் எந்தப் பக்கம் இழுக்கிறதோ அந்தப் பக்கம். அது சுவரையே தரை என்று நினைக்கும். வேகம் மாற மாற அதன் நினைப்பும் மாறும். படம் காரணமில்லாமல் மெல்லச் சாயும். நிறுத்திவையுங்கள். சுவர் தரையாகவும் கூட்டம் பக்கச் சுவராகவும் தெரிவது ஓட்டுநரின் உடம்புக்கும் அப்படியே. அதைத் திருத்துவானேன்?

எங்கே பொருத்துவது? கைப்பிடி நடுவில், ஓட்டுநரைப் பார்த்தபடி. முகத்துக்கும் லென்ஸுக்கும் குறைந்தது ஓர் அடி இடைவெளி வேண்டும். அதற்குள் வந்தால் முகம் மங்கும். பின்னால் ஓடும் பலகைகள் மட்டும் கத்தி போலக் கூர்மையாக இருக்கும். ஒட்டும் அடிப்பலகை என்றால் எண்ணெய்ப் பிசுக்கை ஸ்பிரிட் போட்டுத் துடைத்து, ஒட்டி, ஒரு நாள் முழுக்க விட வேண்டும். காலையில் ஒட்டி மாலையில் வண்டி ஓட்டினால் கேமரா பறந்துபோகும். இன்ஜின் சூடு படும் இடத்தில் பசை இளகும். எப்படி ஒட்டினாலும் நைலான் கயிற்றால் ஒரு கட்டு. கேமரா கழன்றால் கிணற்றுக்குள் அது 154 கிராம் கல். கயிறும் இரண்டு விரல்கடை நீளத்துக்கு மேல் இருக்கக்கூடாது, சக்கரத்தில் சுற்றிக்கொள்ளும்.

நடுத்தரைக் கோணம் அழகானது. அதற்கு ட்ரைபாட் வைக்கவே கூடாது. ஓட்டுநர் வேகம் குறைந்து கீழே சரிவுப் பலகைக்கு இறங்கி நிற்கும் இடம் அது. கைப்பிடி அகல மணல் பை ஒன்றைத் தட்டையாகப் போட்டு, அதில் கேமராவை வானம் பார்க்கப் பதிக்கலாம். அதையும் குழுவின் மூத்தவர் இடம் காட்டிய பிறகுதான். அவர் வேண்டாம் என்றால் வேண்டாம். எட்டு மணி ஆட்டத்துக்குப் பதிலாக ஆறு மணி ஒத்திகையில் கேளுங்கள், பெரும்பாலும் இடம் கிடைக்கும்.

ஒலியில் கேமரா கைகொடுக்காது. உருளைக்குள் இன்ஜின் சத்தமும் பலகை அதிர்வும் சேர்ந்தால் உள் மைக் கரகரத்துவிடும். மீடியா மாட் என்ற துணைக்கூட்டைப் போட்டால் 3.5 மிமீ துளை கிடைக்கும். ஆனால் கூடு போட்ட கேமரா பழையபடி தண்ணீர் தாங்காது, எடையும் கூடும். இந்த மாடலில் ப்ளூடூத் மைக் இணைக்கலாம் என்பது புதுசு. வழிகாட்டி பேசிக்கொண்டே நடப்பதற்கு அது போதும், சத்தமான இடத்துக்கு ஆகாது. இந்த வேலைக்குச் சரியானது கேமராவை நம்பாத தனிப்பதிவு: 32 பிட் ஃப்ளோட்டில் (மெல்லிய ஒலியையும் பேரொலியையும் சேர்த்துப் பிடிக்கும் பதிவு முறை) தனக்குள்ளேயே பதியும் டிஜேஐ மைக் 2 போன்ற ஒன்றை ஓட்டுநர் சட்டைக்குள், இன்னொரு பதிவுக்கருவியைப் பலகைக்கு வெளியே அடியில். 32 பிட் என்றால் எதுவும் உடையாது என்று ஒரு நம்பிக்கை பரவியிருக்கிறது. பதிவு உடையாது, உண்மை. மைக்கின் சவ்வு தாங்காத சத்தம் வந்தால் அது பதிவுக்கு முன்பே உடைந்துவிடும். அதை எந்த பிட்டும் ஒட்டாது. பலகைக்கு வெளியே வைத்த மைக்கில் மரம் முனகுவது கேட்கும். படத்தொகுப்பில் அந்த முனகல்தான் பயத்தைக் கொண்டுவரும், இன்ஜின் சத்தம் அல்ல.

பல கேமரா வைத்தால் நேரத்தை இணைப்பது எளிது. கோப்ரோவின் குயிக் செயலியில் வரும் க்யூஆர் குறியை ஒவ்வொரு ஹீரோ 12-க்கும் காட்டினால் டைம்கோடு, அதாவது கோப்பில் பதியும் நேரக்குறி, ஒன்றாகிவிடும். பேட்டரி மாற்றியதும் மறுபடி காட்டிவிடுங்கள். அதோடு பழைய முறைப்படி ஒரு கைதட்டு. தனி ஒலிப்பதிவைச் சேர்க்க அதுதான் உதவும்.

சூட்டைப் பற்றி நிறைய புகார் உண்டு, அதில் பாதி நியாயம். 5.3கே 60-இல் 70 நிமிஷத்துக்கு மேல் ஓடும் என்பது நிறுவனக் கணக்கு. காற்று அடிக்கும் இடத்தில் அது கைக்கு வரும். மே மாத மத்தியானத்தில், காற்றில்லாத மூலையில், வெயிலில் நிறுத்திவைத்தால் பாதியிலேயே அணைந்துவிடும். அசையாமல் நிற்கும் கேமராவுக்கு 4கே 25 போதும். பேட்டரியைக் கழற்றிவிட்டு பவர்பேங்கில் ஓட்டினாலும் சூடு குறையும். அப்போது பக்கக்கதவு திறந்திருக்கும். மழை, தூசிக்குப் பாதுகாப்பு இல்லை என்பதை மறக்க வேண்டாம்.

உயரத்திலிருந்து குதிப்பவர்களிடம் போகும்போது கதை வேறு. இங்கே கேமராவே ஆபத்தின் பகுதி ஆகிவிடுகிறது.

தலைக்கவசத்தில் கேமரா கட்டிக் குதிப்பதைக் கலையாக்கியவர் அமெரிக்காவின் கார்ல் பேனிஷ். 1978-இல் யோசெமிட்டியின் எல் கேப்பிட்டன் பாறையிலிருந்து குதித்தவர்களைப் படமெடுத்து, அந்த விளையாட்டையே உலகுக்குக் காட்டியவர். கட்டடம் (Building), ஆன்டெனா கோபுரம் (Antenna), பாலம் (Span), மலை (Earth) ஆகிய நான்கின் ஆங்கில முதலெழுத்துகளைச் சேர்த்து 'பேஸ்' என்று பெயர் வைத்ததிலும் அவருக்குப் பங்கு உண்டு. 1984 ஜூலையில் நார்வேயின் ட்ரோல்வெக்கன் பாறையில் குதித்தபோது இறந்தார், வயது 43. அவர் காலத்தில் படச்சுருள். 50 அடி 16 மிமீ சுருள் 24 பிரேமில் ஓடினால் 83 விநாடிதான். எப்போது ஓட்டுவது, எப்போது நிறுத்துவது என்று விளிம்புக்குப் போகும் முன்பே முடிவு செய்தாக வேண்டும். இப்போது கார்டில் இரண்டு மணி நேரத்துக்கு மேல் இருக்கிறது. யாரும் எதையும் முடிவு செய்வதில்லை. தொகுப்பு மேசையில் தூசி தட்டுவதுதான் மிச்சம்.

இங்கே சின்னக் கேமரா தரும் நிம்மதி ஓரளவு பொய். எடை குறைந்ததால் கழுத்துக்கு நல்லது, ஆனால் சிக்கும் ஆபத்து எடையால் வருவதில்லை. தலைக்கவசத்தின் உச்சியில் துருத்திக்கொண்டு நிற்கும் அந்த இரண்டு விரல் அடிப்பாகம் ஒரு கொக்கி. விரியும் பாராசூட்டின் நூல் அதில் மாட்டினால் போயிற்று. விமானத்திலிருந்து குதிப்பவரிடம் மாற்று பாராசூட் இருக்கும். பேஸ் குதிப்பவரின் பையில் வழக்கமாக ஒன்றே ஒன்றுதான். அதனால் கவனிக்க வேண்டியவை: கேமரா தலைக்கவசத்தோடு ஒட்டினாற்போல் தாழ்வாக, விரல் பாகம் டேப்பால் மூடி, விளிம்புகள் மழுக்கி இருக்க வேண்டும், ஒரே இழுப்பில் தலைக்கவசமே கழன்றுவிடும் தாடைக் கொளுவி வேண்டும். தலைக்கவசத்தில் துளை போடக் கூடாது. அமெரிக்க பாராசூட் சங்கம் 200 குதிப்பு முடிக்காதவர் கேமரா கட்ட வேண்டாம் என்று பரிந்துரைக்கிறது. இயக்குநர் மனசில் பதிய வேண்டிய எண் அது. படத்தில் வருகிறவர் "பரவாயில்லை, கட்டுங்க" என்று சொல்லிவிடுவார். அவருக்கு உங்கள் மேல் பிரியம். அவர் குதிப்புக் கணக்கை வேறொருவரிடம் கேளுங்கள்.

குதிப்பவர் கையால் பொத்தானை அழுத்தும்படி வைக்காதீர்கள். விளிம்பில் அவர் யோசிக்க வேண்டியது காற்றையும் பாராசூட்டையும்; சிவப்பு விளக்கு எரிகிறதா என்பதையல்ல. பை சரிபார்க்கும்போதே ஓட்டிவிட்டு, தரையில் கால் பட்டபிறகு நீங்களே நிறுத்துங்கள். 'ஹைண்ட்சைட்' என்று ஒரு வசதி உண்டு: அழுத்துவதற்கு முந்தைய 15 அல்லது 30 விநாடியையும் சேர்த்துச் சேமிக்கும். தூரத்தில் நிறுத்திய கேமராவுக்கு அது வரம். ஆனால் காத்திருக்கும் நேரமெல்லாம் பேட்டரி கரையும்.

படமெடுக்கத் தொடங்குபவர்களுக்கு நல்ல இடம் சட்டம் அனுமதிக்கும் இடம்தான். அமெரிக்காவின் ஐடஹோ மாநிலத்தில், ட்வின் ஃபால்ஸ் நகரில் பெரைன் பாலம், தண்ணீரிலிருந்து 486 அடி. வருஷம் முழுக்கத் தனி அனுமதி இல்லாமல் குதிக்கலாம். மேற்கு வர்ஜீனியாவின் நியூ ரிவர் கார்ஜ் பாலம் 876 அடி; அக்டோபரில் நடக்கும் 'பிரிட்ஜ் டே' அன்று மட்டும். இங்கெல்லாம் படகும் மருத்துவ உதவியும் எங்கே என்று முதலில் விசாரிக்க முடிகிறது, யாரும் ஓடி ஒளிய வேண்டியதில்லை.

ஒளிய வேண்டியவர்களைப் படமெடுத்தால்? இங்கேதான் ஜிபிஎஸ். ஹீரோ 12-இல் அதை எடுத்துவிட்டார்கள்; மலையேறிகளும் பைக்காரர்களும் திட்டித் தீர்த்தார்கள். விளிம்புநிலைக் கூட்டங்களோடு வேலை செய்பவருக்கு அது வரப்பிரசாதம். கோப்புக்குள் இடம் பதிவாகாது. 13-இல் ஜிபிஎஸ் திரும்ப வந்துவிட்டது, அணைத்துவைக்க நினைவிருக்க வேண்டும். 12-லும் ஒரு ஓட்டை உண்டு: சந்தா எடுத்திருந்தால், சார்ஜில் போட்டதும் கேமரா வீட்டு வைஃபை வழியாகக் காட்சிகளை மேகக் கணக்கில் ஏற்றிவிடும். முகம் காட்ட வேண்டாம் என்று சொன்னவரின் முகம் நீங்கள் தூங்கும்போது எங்கோ ஒரு சர்வரில் போய் உட்கார்ந்திருக்கும். தானாக ஏற்றுவதை முதல் நாளே நிறுத்துங்கள். போனில் இறக்கிய பிரதிகளையும் அன்றன்றே அழியுங்கள்.

சிவப்பு விளக்கையும் பீப் ஒலியையும் அணைக்கலாம். நாம் பரிந்துரைப்பது, விளக்கு எரியட்டும். கேமரா இவ்வளவு சின்னதாக இருப்பதால் ஓடுகிறதா இல்லையா என்று எதிரில் இருப்பவருக்குத் தெரிவதில்லை. ஒப்புதல் கையெழுத்தை ஒரு தடவையோடு விடாமல், காட்சி எடுத்த மறுநாள் மறுபடி கேட்டு வாங்குவது இந்த வகைப் படத்துக்கு நல்ல பழக்கம். அட்ரினலின் ஓடும்போது யாரும் எதற்கும் தலையாட்டுவார்கள்.

ஜல்லிக்கட்டுக்கு இதைக் கொண்டுபோவது பற்றிப் பலர் கேட்பதுண்டு. அவனியாபுரமோ பாலமேடோ அலங்காநல்லூரோ, மாடுபிடி வீரரின் மார்பில் வார் கட்டி கேமரா மாட்டும் யோசனையைக் கைவிடுங்கள். வாருக்குள் கொம்பு நுழைந்தால் ஆளையே தூக்கிக்கொண்டு போகும். வாடிவாசல் மரத்தின் மேல், மாட்டுக்காரர்களும் விழாக்குழுவும் ஒப்புக்கொண்ட இடத்தில், 8:7 விகிதத்தில் வைத்துவிட்டால் போதும். சதுரச் சட்டகம் என்பதால் திமிலில் தொடங்கிப் புழுதி வரை எல்லாம் உள்ளே வரும். பிறகு அகலமாகவும் வெட்டலாம், போனுக்கு நெட்டையாகவும் வெட்டலாம். பகல் வெளிச்சத்தில் இந்தக் கேமரா தன் விலைக்கு மேல் உழைக்கும் இடம் இது.

பகல் வெளிச்சம் என்றதும் என்டி ஃபில்டர் (வெளிச்சத்தைக் குறைக்கும் கருங்கண்ணாடி) விற்பவர்கள் வந்துவிடுவார்கள். எஃப்/2.5 துளையில், ஐஎஸ்ஓ 100-இல், 1/50 ஷட்டர் பிடிக்க நடுப்பகலில் என்டி 64 வேண்டியிருக்கும். நிலையாக நிற்கும் கேமராவுக்குப் போடலாம். குலுங்கும் கேமராவுக்குப் போட்டால் மேலே சொன்ன இரவுத் துடிப்பைப் பகலிலேயே காசு கொடுத்து வாங்கியது போல். ஷட்டரைத் தானியங்கியில் விடுங்கள்.

பார்வைக் கோணத்திலும் ஒரு நியாயம் இருக்கிறது. 'சூப்பர்வியூ' என்ற மிக அகலமான கோணம் போட்டால் இருபது அடி உயரம் அறுபது அடி போலத் தெரியும், வேகம் இரட்டிப்பாகும். விளம்பரப் படத்துக்குச் சரி. ஆபத்தை உள்ளபடி காட்ட வந்த படத்தில் லென்ஸ் மிகைப்படுத்தினால், அந்த ஆட்களின் நிஜத் திறமையை நாமே மலிவாக்குகிறோம். கோடுகள் வளையாத 'லீனியர்' வைத்தால் உயரம் கொஞ்சம் சப்பென்று இருக்கும், நம்பலாம்.

பேட்டிக்கு இதை எடுக்கவே எடுக்காதீர்கள். மூக்கு வீங்கும், பின்னணியெல்லாம் முகத்தோடு சரிசமமாகக் கூர்மையாக நிற்கும், எஃப்/2.5 துளையாக இருந்தும் சென்சார் சின்னது என்பதால் ஆளைப் பின்னணியிலிருந்து பிரித்துக் காட்ட முடியாது. இந்த வகைப் படங்களில் குதிப்பு நாலு விநாடி, அதற்கு முந்தைய மூன்று நாள் காத்திருப்புதான் படம்: மழை விடுமா என்று பார்ப்பது, செயின் இறுக்குவது, வீட்டுக்குப் போன் பண்ணாமல் இருப்பது. அதையெல்லாம் எடுக்க 50 மிமீ லென்ஸ் போட்ட ஒரு பழைய மிரர்லெஸ் கேமரா போதும். ஆகவே வாங்கும் வரிசை: முதலில் மைக், அடுத்து பழைய மிரர்லெஸ், மூன்றாவதுதான் கோப்ரோ. தலைகீழாக வாங்கியவர்களின் படம் சாகசத் துணுக்குகளின் தொகுப்பாக முடியும்.

லேப்டாப் பழசானால் இன்னொரு செலவு. 5.3கே எச்இவிசி (இறுக்கிச் சுருக்கிய வீடியோ வகை) 10 பிட் கோப்பை ஐந்தாறு வருஷப் பழைய மெஷின் திணறித் திணறித்தான் ஓட்டும். தொகுப்பு தொடங்கும் முன் எல்லாவற்றுக்கும் 1080-இல் ப்ராக்ஸி (தொகுப்புக்கான சிறிய பிரதி) போட்டுவிடுங்கள். பத்து நாள் காட்சிக்கு ஓர் இரவு, சில சமயம் இரண்டு.

அறிமுக விலை 399 டாலர். 13 வந்த பிறகு 12 கைமாறிய பழசாக நிறையக் கிடைக்கிறது. பழசு வாங்கினால் பார்க்க வேண்டியது: பக்கக்கதவின் ரப்பர் வளையத்தில் கீறல் உண்டா, கதவு 'க்ளிக்' என்று முழுசாக மூடுகிறதா, லென்ஸ் முன் கண்ணாடியைக் கழற்றினால் உள்ளே ஈரத்தடம் இருக்கிறதா, பேட்டரி உப்பியிருக்கிறதா. உப்பிய பேட்டரி உள்ளே போகும், வெளியே வராது. 5.3கே 60-இல் இருபது நிமிஷம் விற்பவர் முன்னாலேயே ஓட்டச் சொல்லுங்கள். முன் கண்ணாடியில் கீறல் இருந்தால் பயப்பட வேண்டாம், அது தனியாகக் கிடைக்கும். அதைச் சொல்லி விலையைக் குறைக்கலாம்.